இசைத் திரைப்படம் ஒன்றை இணையத்தில் சட்டப்படி தேடிப் பிடித்து ஆழ்ந்து படிப்பது எப்படி: முழுமையான வழிகாட்டி

சில ஆண்டுகளுக்கு முன்பு ஒரு பழைய இசைத் திரைப்படத்தின் பாடல்களை ஒவ்வொன்றாகக் கேட்டு, எது எந்தச் சுருதியில் பாடப்பட்டிருக்கிறது என்று நோட்டுப் புத்தகத்தில் குறித்து வைத்தேன். இரண்டு வார வேலை. பிறகு அதே படத்தின் உரிமம் பெற்ற வட்டு கைக்கு வந்தது. ஒப்பிட்டுப் பார்த்தால் ஒரு பாடல்கூடப் பொருந்தவில்லை. என் குறிப்பில் எல்லாப் பாடல்களும் கொஞ்சம் மேலே ஏறி நின்றன. நான் முதலில் பார்த்தது, யாரோ ஒருவர் பழைய ஐரோப்பியத் தொலைக்காட்சி ஒளிபரப்பிலிருந்து பதிந்து இணையத்தில் ஏற்றிய பிரதி. நொடிக்கு 24 பிரேம் ஓட வேண்டிய படத்தை அந்த ஒளிபரப்பு முறையில் 25 பிரேமாக ஓட்டுவார்கள். படம் நான்கு விழுக்காடு வேகமாகும். சுருதி ஏறத்தாழ முக்கால் அரைச்சுரம், அதாவது பியானோவில் அடுத்தடுத்த இரண்டு கட்டைகளுக்கு இடையே உள்ள தூரத்தில் முக்கால் பங்கு, உயரும். கண்ணுக்கு அது தெரியாது. ஒப்பிட ஒன்றும் இல்லாதபோது காதுக்கும் தெரியாது.

சட்டப்படியான வழியில் தேடுங்கள் என்றால் பலர் அதை அறிவுரையாக மட்டும் எடுத்துக்கொள்கிறார்கள். கலைஞர்களுக்குச் சேர வேண்டியது சேர வேண்டும் என்பதில் எனக்கு இரண்டாம் கருத்து இல்லை. ஆனால் படத்தைப் பாடமாகப் படிக்க விரும்புகிறவருக்கு அதற்கு மேலும் ஒரு காரணம் இருக்கிறது. எங்கிருந்து வந்தது என்று தெரிந்த பிரதியை மட்டுமே நம்பி உட்கார முடியும். பாட்டும் ஆட்டமும் நுணுக்கமான கலைகள். சுருதி, தாளம், கால் வைக்கும் இடம் எல்லாம் பிரதியோடு சேர்ந்து கெடும். எனவே இந்த வழிகாட்டியின் முதல் பாதி முழுவதும் சரியான பிரதியைப் பற்றியது. படிப்பது அதற்குப் பிறகுதான்.

படி 1: ஒரே ஒரு படத்தைத் தேர்ந்தெடுங்கள்

பத்துப் படங்களை மேலோட்டமாகப் பார்ப்பதைவிட ஒன்றைப் பத்து முறை பார்ப்பது அதிகம் கற்றுத்தரும். பாடல்கள் உள்ள படம் எல்லாம் இசைத் திரைப்படம் ஆகிவிடாது. பாடலை எடுத்துவிட்டால் கதை நகராது அல்லது பாத்திரம் புரியாது என்ற நிலை இருந்தால் அது இசைத் திரைப்படம். ழாக் தெமி இயக்கி மிஷெல் லெக்ரான் இசையமைத்த 1964ஆம் ஆண்டின் 'செர்பூர்க்கின் குடைகள்' போல, பேச்சே இல்லாமல் ஒவ்வொரு வரியும் பாடப்படும் படமும் உண்டு. முதல் முறை படிப்பவர் அதிலிருந்து தொடங்க வேண்டாம். பேச்சும் பாட்டும் மாறி மாறி வரும் படமே நல்லது. ஒன்று இன்னொன்றாக மாறும் அந்த இடத்தில்தான் இந்தக் கலையின் உயிர் இருக்கிறது.

இங்கே நான் உதாரணமாக எடுத்துக்கொள்வது 'ராயல் வெட்டிங்'. எம்ஜிஎம் நிறுவனம் 1951இல் வெளியிட்டது. ஸ்டான்லி டோனன் தனியாக இயக்கிய முதல் படம். பிரெட் அஸ்டேரும் ஜேன் பவலும் அண்ணன் தங்கையாக, மேடையில் ஜோடியாக ஆடும் கலைஞர்களாக நடித்தார்கள். இசை பர்ட்டன் லேன், பாடல் வரிகள் ஆலன் ஜே லெர்னர், நடன அமைப்பு நிக் காசில். இதைத் தேர்ந்தெடுக்கக் காரணம் இருக்கிறது. இதன் உரிமை நிலை சுவையானது, சட்டப்படியே பல தரத்தில் பல பிரதிகள் கிடைக்கின்றன, அறைச் சுவரிலும் உட்கூரையிலும் அஸ்டேர் ஆடும் காட்சி ஒன்றே ஒரு வாரப் படிப்புக்குப் போதும்.

படி 2: படத்தின் அடையாளச் சீட்டைத் தயாரியுங்கள்

தேடத் தொடங்கும் முன் ஒரு தாளில் இவற்றை எழுதிக்கொள்ளுங்கள்: மூலத் தலைப்பு, வேறு நாடுகளில் வைக்கப்பட்ட தலைப்பு, வெளியான ஆண்டு, ஓடும் நேரம், திரையின் அகல உயர விகிதம், பாடல்களின் வரிசை.

நமது படத்துக்கு: பிரிட்டனில் இதன் பெயர் 'வெட்டிங் பெல்ஸ்'. ஓடும் நேரம் 93 நிமிடம். விகிதம் 1.37:1, அதாவது ஏறத்தாழச் சதுரத்தை ஒட்டிய பழைய வடிவம். அகலத்திரை வருவதற்கு முந்தைய படம். டெக்னிகலர் வண்ணம். இந்தத் தகவல்களை அமெரிக்கத் திரைப்படக் கழகத்தின் இணையப் பட்டியலில் இலவசமாகப் பார்க்கலாம். அமெரிக்கப் படங்களுக்கு நான் முதலில் போகும் இடம் அதுதான். தயாரிப்புக் காலச் செய்திகளும் சேர்த்துத் தொகுக்கப்பட்டிருக்கும். ஜேன் பவல் ஏற்ற வேடத்துக்கு முதலில் ஜூன் ஆலிசனும், பிறகு ஜூடி கார்லண்டும் பேசப்பட்டது போன்ற கதைகளைச் சரிபார்க்கவும் அது உதவும்.

இந்தச் சீட்டு சின்ன வேலைதான். ஆனால் பிரதியைச் சோதிக்கும் நான்காம் படி முழுவதும் இதை நம்பியே நடக்கிறது.

படி 3: உரிமையின் அடுக்குகளைப் புரிந்துகொண்டு தேடுங்கள்

இசைத் திரைப்படத்தில் உரிமை ஒன்றல்ல. படம் ஓர் உரிமை. பாடலின் இசை இன்னொன்று, வரிகள் வேறொன்று. ஒலித்தட்டாக வந்த பதிவு தனி. ஒன்று பொதுவுடைமை (உரிமை நீங்கி யாரும் பயன்படுத்தக்கூடியது) ஆகிவிட்டது என்பதால் மற்றவையும் ஆகிவிட்டதாக நினைக்கக் கூடாது.

அமெரிக்காவில் 1964க்கு முன் வெளியான படைப்புகளின் உரிமையை 28ஆம் ஆண்டில் புதுப்பிக்க வேண்டியிருந்தது. 'ராயல் வெட்டிங்'கின் உரிமை புதுப்பிக்கப்படவில்லை. அதனால் அந்த நாட்டில் அது பொதுவுடைமையானது. முறைப்படி புதுப்பிக்கப்பட்ட பழைய படங்களுக்கு அங்கே வெளியான ஆண்டிலிருந்து 95 ஆண்டு பாதுகாப்பு. அதனால்தான் 1929ஆம் ஆண்டுப் படங்கள் 2025 தொடக்கத்தில் விடுபட்டன. பேசும் படத்தின் தொடக்கக் காலத்தில் வந்த முழுநீள இசைப் படங்கள் பல அவற்றில் அடங்கும். இந்தியாவில் திரைப்படத்துக்கு வெளியான ஆண்டுக்குப் பின் 60 ஆண்டு. பாடல் வரிக்கும் இசைக்கும் ஆசிரியர் மறைந்த பின் 60 ஆண்டு. ஐரோப்பிய ஒன்றியத்தில் முதன்மை இயக்குநர், திரைக்கதை எழுதியவர், வசனம் எழுதியவர், படத்துக்கென்றே இசையமைத்தவர் ஆகியோரில் கடைசியாக மறைந்தவரின் ஆயுளுக்குப் பின் 70 ஆண்டு என்று கணக்கு. நீங்கள் இருக்கும் நாட்டின் கணக்கு எது என்று பார்த்துக்கொள்ளுங்கள். லெர்னர் 1986 வரையிலும் லேன் 1997 வரையிலும் வாழ்ந்தார்கள். ஆசிரியர் ஆயுளை வைத்து எண்ணும் நாட்டில், படம் விடுபட்டாலும் பாட்டு விடுபடாமல் இருக்கக்கூடும். வீட்டில் உட்கார்ந்து பார்க்கிறவருக்கு இது பெரிய தடையல்ல. பாடலை வெட்டி எடுத்து வெளியிட நினைப்பவர் கட்டாயம் நினைவில் வைக்க வேண்டும்.

இனித் தேடும் இடங்கள். நான் போகும் வரிசையிலேயே சொல்கிறேன்.

முதலில் ஜஸ்ட்வாட்ச். ஒரு படம் உங்கள் நாட்டில் எந்தச் சேவையில் சந்தாவுக்கு, எதில் வாடகைக்கு, எதில் விலைக்கு, எதில் விளம்பரத்தோடு இலவசமாக இருக்கிறது என்று காட்டும் தேடுதளம். நாட்டைச் சரியாகத் தேர்ந்தெடுத்துக்கொள்ளுங்கள். மூலத் தலைப்பில் கிடைக்காவிட்டால் மாற்றுத் தலைப்பில் தேடுங்கள். அடையாளச் சீட்டு இங்கே முதல் முறை கைகொடுக்கும்.

இரண்டாவது நூலகம். பொது நூலக அட்டையோ பல்கலைக்கழக உறுப்பினர் எண்ணோ இருந்தால் கனோபி போன்ற சேவைகள் கட்டணமின்றித் திறக்கும். பலருக்குத் தங்கள் நூலகத்தில் இந்த வசதி இருப்பதே தெரியாது. நூலகரிடம் ஒரு மின்னஞ்சலில் கேட்டுவிடுங்கள். படம் நிகழ்நிலையில் இல்லையென்றால் வட்டாவது இருக்கும். உலக நூலகங்களின் கூட்டுப் பட்டியலான வேர்ல்டுகேட், அது எந்த நூலகத்தில் இருக்கிறது என்று சொல்லும்.

மூன்றாவது, பொதுவுடைமைப் படங்களுக்கான இன்டர்நெட் ஆர்க்கைவ். 1996இல் தொடங்கப்பட்ட இந்தக் காப்பகத்தில் 'ராயல் வெட்டிங்' ஒன்றுக்கு மேற்பட்ட பிரதிகளில் இருக்கிறது; கோப்பாகவே இறக்கிக்கொள்ளலாம். ஒரு எச்சரிக்கை. யார் வேண்டுமானாலும் அங்கே ஏற்றலாம். அங்கே இருப்பதால் மட்டும் ஒரு படம் பொதுவுடைமை ஆகிவிடாது. ஏற்றியவர் எழுதிய குறிப்பை நம்பாமல் உரிமை நிலையை நீங்களே சரிபாருங்கள். அமெரிக்க நாடாளுமன்ற நூலகத்தின் இணையத் திரையரங்கில் இருப்பவை அப்படியல்ல. அவை நூலகமே தேர்ந்து வைத்தவை. எண்ணிக்கை குறைவு, நம்பகம் அதிகம்.

யூடியூபில் பார்ப்பதாக இருந்தால் அலைவரிசையின் பெயரைக் கவனியுங்கள். தயாரிப்பு நிறுவனமோ உரிமம் பெற்ற வெளியீட்டாளரோ நடத்தும் அலைவரிசை என்றால் சரி. படத்தை ஒரு ஓரத்தில் சிறிதாக்கி, சுற்றிலும் ஓரக்கட்டு போட்டு, குரலைக் கொஞ்சம் மாற்றி ஏற்றியிருந்தால், தானியங்கிச் சோதனையிலிருந்து தப்பிக்கச் செய்த வேலை அது. உரிமை விஷயத்தை விட்டுவிட்டுப் பார்த்தாலும், அந்தப் பிரதியில் படிப்பதற்கு மிச்சம் எதுவும் இருக்காது.

வட்டு வாங்க முடிந்தவர்கள் தயங்க வேண்டாம். இந்தப் படம் வார்னர் ஆர்க்கைவ் வெளியீடாக ப்ளூ-ரே வடிவில் கிடைக்கிறது. பொதுவுடைமையாகிப் பல கைகள் மாறிய பிரதிகளில் வெளிறிப்போன டெக்னிகலர் வண்ணம் அதில் எப்படி நிற்கிறது என்று ஒருமுறை பாருங்கள். உடை அலங்காரம் பற்றி எழுத நினைப்பவருக்கு வேறு வழியே இல்லை.

வேறு நாட்டில் இருப்பதாகக் காட்டிப் பார்ப்பது, பூட்டுடைத்து இறக்குவது ஆகிய இரண்டையும் விட்டுவிடுங்கள். முன்னது சேவையின் விதியை மீறுவது. பின்னது பல நாடுகளில் சட்டப்படி தனிக் குற்றம். ஒரு படம் இப்போது எங்கும் இல்லையென்றால் ஜஸ்ட்வாட்சில் குறித்து வையுங்கள், வந்ததும் தெரிவிக்கும்.

படி 4: கையில் கிடைத்த பிரதியைச் சோதியுங்கள்

சட்டப்படியான பிரதி என்பதால் அது நல்ல பிரதி என்று பொருளில்லை. பத்து நிமிடம் ஒதுக்கி மூன்று சோதனைகளைச் செய்துவிடுங்கள்.

முதலாவது, நேரம். 93 நிமிடப் படம் ஏறத்தாழ 89 நிமிடத்தில் முடிந்தால் அது 25 பிரேமில் ஓடும் பிரதியாக இருக்க வாய்ப்பு அதிகம். அதில் கதையைப் படிக்கலாம், சுருதியைப் படிக்கக் கூடாது. அதைவிடக் குறைவாக இருந்தால் ஏதோ வெட்டப்பட்டிருக்கிறது. தொலைக்காட்சிக்காக நேரத்தைச் சுருக்கும்போது முதலில் கத்தரிக்கப்படுவது பெரும்பாலும் பாடல்தான். வசனத்தை வெட்டினால் கதை அறுந்துவிடும் என்று நினைப்பார்கள். பாடல் பட்டியலை வைத்து ஒவ்வொன்றும் முழுமையாக இருக்கிறதா என்று ஓட்டிப் பாருங்கள்.

இரண்டாவது, படத்தின் சட்டகம், அதாவது அகல உயர விகிதம். 1951ஆம் ஆண்டுப் படம் இன்றைய அகலத் திரையை இடைவெளியின்றி நிரப்பினால் மகிழ வேண்டாம். மேலும் கீழும் வெட்டியிருக்கிறார்கள், அல்லது பக்கவாட்டில் இழுத்திருக்கிறார்கள். தலை முதல் கால் வரை முழு உடலும் திரையில் தெரிய வேண்டும் என்பதில் அஸ்டேர் உறுதியாக இருந்தவர். ஆடும்போது நீண்ட காட்சித்துண்டுகளையே அவர் விரும்பினார். கீழே வெட்டிய பிரதியில் அவருடைய பாதம் போய்விடும். காலணியால் தரையைத் தட்டித் தாளம் எழுப்பும் நடனத்தில் பாதம் இல்லாமல் என்ன பார்ப்பது? அகலத்திரைப் படங்களில் இதன் தலைகீழ்க் கோளாறு நடக்கும். டோனன் 1954இல் இயக்கிய 'செவன் பிரைட்ஸ் பார் செவன் பிரதர்ஸ்' சினிமாஸ்கோப் படம். மைக்கேல் கிட் அமைத்த களஞ்சியம் கட்டும் காட்சி நடனம் திரையின் ஒரு கோடி முதல் மறுகோடி வரை பரவி நிற்கும். பழைய தொலைக்காட்சிப் பெட்டிக்காக இரு பக்கமும் நறுக்கிய பிரதியில் சகோதரர்களில் சிலர் காணாமலே போய்விடுவார்கள்.

மூன்றாவது, உதடும் ஒலியும். ஏதாவது ஒரு பாடலின் நடுவில் நிறுத்தி, தொடங்கி, உதட்டசைவும் ஒலியும் ஒட்டுகின்றனவா என்று பாருங்கள். படம் முழுவதும் ஒரே அளவில் விலகினால் பிரதியின் குறை. ஒரு பாடலில் மட்டும் லேசாக விலகினால் அது படப்பிடிப்பில் நடந்ததாகவும் இருக்கலாம். அது குறித்து வைக்க வேண்டிய செய்தி.

படி 5: முதல் முறை வெறுமனே பாருங்கள்

கையில் பேனா வேண்டாம். நிறுத்தாமல் பாருங்கள். முடிந்ததும் எந்தப் பாடல் மனத்தில் நிற்கிறது, எங்கே சலித்தது என்று ஐந்து வரி எழுதுங்கள். பின்னால் எவ்வளவு படித்தாலும் இந்த ஐந்து வரி திரும்பக் கிடைக்காது.

படி 6: பாடல் அட்டவணை போடுங்கள்

இரண்டாம் பார்வையில் ஒவ்வொரு பாடலுக்கும் ஒரு வரிசை. பாடல் தொடங்கும் நேரம், முடியும் நேரம், யார் பாடுகிறார், யாரிடம், எங்கே. இவை எளிய கட்டங்கள். இன்னும் மூன்று கட்டங்கள் இருக்கின்றன. உழைப்பெல்லாம் அவற்றில்தான்.

ஒன்று: கதைக்குள் இருப்பவர்களுக்கு இது பாட்டாகக் கேட்கிறதா? 'ராயல் வெட்டிங்'கில் அண்ணனும் தங்கையும் மேடைக் கலைஞர்கள். அவர்கள் அரங்கில் பாடும்போது கதைக்குள் இருக்கும் பார்வையாளர்களும் கேட்கிறார்கள், கைதட்டுகிறார்கள். ஜேன் பவல் காதலைச் சொல்லும் 'டூ லேட் நவ்' பாடல் அப்படியல்ல. அங்கே பேச்சு முட்டுப்பட்ட இடத்தில் பாட்டு வருகிறது. கேட்பவர் ஒரே ஒருவர். ஆஸ்கருக்குப் பரிந்துரைக்கப்பட்டது அந்த அமைதியான பாடல்தான். இரண்டு வகையையும் இரண்டு வண்ணத்தில் குறியுங்கள். படத்தின் எலும்புக்கூடு தாளில் தெரியத் தொடங்கும்.

இரண்டு: வாத்தியம் எப்போது தொடங்குகிறது, குரல் எப்போது தொடங்குகிறது? இந்த இடைவெளியை நொடிக் கணக்கில் எழுதுங்கள். மேடைப் பாட்டில் இசை வெளிப்படையாகத் தொடங்கும். அந்தரங்கப் பாட்டில் வசனம் ஓடும்போதே அடியில் மெல்ல நுழைந்துவிடும். நாம் பேச்சைக் கேட்டுக்கொண்டிருக்கும்போதே காது பாட்டுக்குப் பழகிவிடும். பாத்திரம் வாயைத் திறக்கும்போது நமக்கு வியப்பு வராததற்கு இந்தச் சில நொடிகள்தான் காரணம். பேச்சிலிருந்து பாட்டுக்குத் தாண்டும் பாலம் எவ்வளவு நீளம் என்பதை வைத்தே ஓர் இயக்குநரின் கைப்பழக்கத்தைச் சொல்லிவிடலாம் என்பது என் அனுபவம்.

மூன்று: பாடல் முடியும்போது என்ன மாறியிருக்கிறது? ஒன்றும் மாறவில்லை என்றால் அதையும் எழுதுங்கள். அலங்காரத்துக்காக மட்டும் வைத்த பாடல் எது என்பது அப்போது வெளிப்படும். ஹெய்ட்டியைப் பற்றிய இந்தப் படத்தின் மேடைப் பாடல் அத்தகையது. வண்ணமும் கூட்டமும் நிறைந்தது. கதையில் ஓர் அங்குலம்கூட நகராது. ஒரு நாட்டு மக்களை வெறும் திரைச்சீலையாகப் பயன்படுத்தும் அந்தக் காலப் பார்வையும் அதில் இருக்கிறது. அதைப் பார்த்தும் பாராமல் கடந்து போகாதீர்கள். படிப்பு என்றால் அதுவும் சேர்ந்துதான்.

படி 7: ஒரே ஒரு காட்சியை நெருங்கிப் பாருங்கள்

இதற்கு இறக்கி வைத்த கோப்பு இருந்தால் நல்லது. விஎல்சி இலவச மென்பொருள். நிறுத்தி வைத்து, ஆங்கில எழுத்து 'E' விசையை அழுத்தினால் ஒவ்வொரு பிரேமாக நகரும். மேம்பட்ட கட்டுப்பாடுகளைத் திறந்தால் இரண்டு புள்ளிகளுக்கு இடையில் திரும்பத் திரும்ப ஓட வைக்கலாம். வேகத்தைக் குறைத்தாலும் சுருதி இறங்காது. யூடியூபில் என்றால், நிறுத்திய பின் காற்புள்ளி விசை ஒரு பிரேம் பின்னால், முற்றுப்புள்ளி விசை ஒரு பிரேம் முன்னால்.

நமது காட்சி 'யூ ஆர் ஆல் தி வேர்ல்டு டு மீ'. விடுதி அறையில் காதலியின் புகைப்படத்தோடு தனியாக இருக்கும் நாயகன் தரையிலிருந்து சுவருக்கும், சுவரிலிருந்து உட்கூரைக்கும் ஆடிக்கொண்டே ஏறுகிறான். செய்த விதம் இது: அறை முழுவதையும் பெரிய சுழலும் கூண்டுக்குள் கட்டினார்கள். மேசை நாற்காலிகளை இறுக்கிப் பொருத்தினார்கள். கேமராவையும் அதை இயக்கியவரையும் அறையோடு சேர்த்துக் கட்டிவிட்டார்கள். அறை சுழலும்போது கேமராவும் சேர்ந்து சுழலும். அதனால் நம் கண்ணுக்கு அறை அசையாது, மனிதர்தான் ஏறுகிறார். உண்மையில் அவர் எப்போதும் கூண்டின் அடிமட்டத்திலேயே ஆடிக்கொண்டிருக்கிறார்.

இந்தத் தகவலை எங்கும் படிக்கலாம். நீங்களே கண்டுபிடிக்க ஒரு வழி இருக்கிறது. விஎல்சியில் விளைவுகள் பகுதிக்குள் வடிவியல் என்ற பக்கத்தில் படத்தைத் திருப்பும் வசதி உண்டு. அவர் உட்கூரையில் ஆடும் பகுதிக்கு வந்து, படத்தை 180 பாகை திருப்பி ஓட்டுங்கள். விளக்குக்குப் பக்கத்தில், வெறும் தரையில் ஆடும் மனிதர் தெரிவார். தலைக்கு மேலே மேசையும் நாற்காலியும் தொங்கும். இப்போது அவருடைய கால்சட்டைத் துணியைக் கவனியுங்கள். எந்தப் பக்கம் விழுகிறது? எப்போதும் அவருடைய பாதத்தை நோக்கித்தான். புவியீர்ப்பு அவரோடு இருக்கிறது. அறைதான் பொய் சொல்கிறது. திரைச்சீலை, மேசை விரிப்பு என்று அறையில் துணியால் ஆன ஒவ்வொன்றையும் தேடுங்கள். தொங்க வேண்டியது தொங்காமல் விறைத்து நிற்கும் இடங்களில் கலை இயக்குநரின் உழைப்பு பிடிபடும்.

பிறகு படத்தை நேராக்கி, சுவரும் தரையும் சேரும் மூலைகளுக்குப் போங்கள். பிரேம் பிரேமாக. மூலையைத் தாண்டும்போது முதலில் படுவது கையா, காலா, இடுப்பா? அந்த நொடியில் இசை என்ன செய்கிறது? கூண்டு சுழலும் வேகம் இயந்திரத்தின் வேகம். பாட்டின் தாளம் வேறு. இரண்டையும் ஒரு மனிதர் தன் உடலில் ஒட்டவைக்கிறார். பத்தாவது முறை பார்க்கும்போதுதான் எனக்கு அது உறைத்தது. தந்திரம் என்று நினைத்துப் பார்த்துக்கொண்டிருந்தவன், அன்றிலிருந்து அதை நடனமாகப் பார்க்கிறேன்.

காட்சித்துண்டுகளையும் எண்ணுங்கள். எங்கெங்கே வெட்டு விழுகிறது, அது எந்த அசைவுக்குள் மறைக்கப்பட்டிருக்கிறது என்று நேரத்தோடு எழுதுங்கள். இதை ஒழுங்காகச் செய்ய விரும்பினால் ஈலான் என்ற இலவச மென்பொருள் இருக்கிறது. நெதர்லாந்தின் மாக்ஸ் பிளாங்க் உளமொழியியல் நிறுவனம் உருவாக்கியது. வசனம், பாட்டு, அசைவு, கேமரா என்று தனித்தனி அடுக்குகளாகக் காலக்கோட்டில் குறிப்பு எழுதலாம். சாதாரணத் தாளும் போதும்.

படி 8: படத்தை மூடிவிட்டு இசையை மட்டும் கேளுங்கள்

அந்தக் காலத்து அமெரிக்கப் பாடல்கள் பலவும் 32 தாளக்கட்டு கொண்டவை. எட்டு எட்டாக நான்கு பகுதி. முதல் பகுதி, அதே மெட்டில் இரண்டாம் பகுதி, வேறு மெட்டில் மூன்றாவது, மறுபடி முதல் மெட்டு. விரலால் எண்ணிக்கொண்டே கேளுங்கள். இந்த அமைப்புக்கு முன்னால், பேச்சுக்கு நெருக்கமான ஒரு தொகையறா சில பாடல்களில் வரும். ஆறாம் படியில் எழுதிய இடைவெளியை இதோடு சேர்த்துப் பார்த்தால் பாலம் எப்படிக் கட்டப்பட்டது என்பது முழுமையாக விளங்கும்.

உட்கூரை நடனத்தின் மெட்டு புதியதல்ல. பர்ட்டன் லேன் இதே மெட்டை 1934இல் வந்த 'கிட் மில்லியன்ஸ்' படத்துக்காக, ஹரால்டு ஆடம்சனின் வேறு வரிகளோடு ஏற்கெனவே பயன்படுத்தியிருந்தார். பதினேழு ஆண்டுகளுக்குப் பின் வரி மாறியது, பொருள் மாறியது, மெட்டு நின்றது. இரண்டையும் அடுத்தடுத்துக் கேட்கக் கிடைத்தால் விடாதீர்கள்.

இசைக்குறிப்பு வேண்டுமானால் பொதுவுடைமை இசைநூல்களின் இணைய நூலகமான ஐஎம்எஸ்எல்பி இருக்கிறது. ஆனால் இந்தக் காலப் பாடல்கள் பெரும்பாலும் அங்கே இருக்காது. உரிமம் பெற்ற பதிப்பை வாங்க வேண்டியிருக்கும். அச்சிட்ட சுருதியும் படத்தில் பாடிய சுருதியும் ஒன்றாகவே இருக்க வேண்டும் என்பதில்லை. பாடகரின் குரலுக்கேற்ப மாற்றுவது வழக்கம். ஒலித்தட்டுப் பதிவின் நாள், எண், கலைஞர் விவரங்களுக்குக் கலிபோர்னியா பல்கலைக்கழகத்தின் சாண்டா பார்பரா வளாகம் நடத்தும் அமெரிக்க வரலாற்று ஒலிப்பதிவுப் பட்டியல் நல்ல துணை.

இதோடு ஒரு கேள்வியையும் எழுப்பிக்கொள்ளுங்கள்: யார் குரல்? பின்னணிக் குரல் நமக்குப் பழக்கம், பெயரும் போடுகிறோம். ஹாலிவுட்டில் அதை மறைத்தார்கள். 'தி கிங் அண்டு ஐ'யில் டெபரா கெர், 'வெஸ்ட் சைடு ஸ்டோரி'யில் நடாலி வுட், 'மை ஃபேர் லேடி'யில் ஆட்ரி ஹெப்பர்ன் ஆகிய மூவருக்கும் பாடியவர் மார்னி நிக்சன். படங்கள் வந்தபோது திரையில் அவர் பெயர் இல்லை. படத்தின் தலைப்பு அட்டைகளை மட்டும் வைத்து எழுதினால் அவரை நீங்களும் இன்னொரு முறை அழித்தவர் ஆவீர்கள்.

படி 9: படத்தைச் சுற்றியிருக்கும் காகிதங்களைத் தேடுங்கள்

லான்டர்ன் என்ற தேடுதளத்தை எத்தனை பேருக்குச் சொன்னாலும் எனக்கு அலுப்பதில்லை. ஊடக வரலாற்று மின்னூலகம் வருடிச் சேர்த்த பழைய திரைப்பட இதழ்களுக்குள் சொல் சொல்லாகத் தேடலாம். உரிமைச் சிக்கல் இல்லாத இதழ்கள், கட்டணம் கிடையாது. படத்தின் பெயரை மேற்கோள் குறிக்குள் இட்டு, வெளியான ஆண்டுக்கு முன்னும் பின்னும் ஓராண்டை எல்லையாக வைத்துத் தேடுங்கள். விளம்பரங்களைப் பாருங்கள்: நடனத்தை முன்வைத்தார்களா, காதலையா, 1947இல் நடந்த இளவரசி எலிசபெத்தின் திருமணத்தையா? கதை நடப்பது அந்தத் திருமண நாட்களில்.

'மோஷன் பிக்சர் ஹெரால்டு' இதழில் திரையரங்கு நடத்தியவர்களே எழுதிய ஒரு பகுதி பல ஆண்டுகள் வந்தது. எந்தப் படம் தங்கள் அரங்கில் எப்படி ஓடியது, மழையா, கூட்டமா, பார்த்தவர்கள் என்ன சொன்னார்கள் என்று இரண்டு மூன்று வரிகளில் எழுதியிருப்பார்கள். விமர்சகர் வாயிலிருந்து வராத செய்திகள். நீங்கள் படிக்கும் படத்தைப் பற்றி அப்படி ஒரு துணுக்கு கிடைத்தால், அதை உங்கள் ஐந்தாம் படிக் குறிப்புக்குப் பக்கத்தில் ஒட்டி வையுங்கள்.

மேடையிலிருந்து திரைக்கு வந்த படம் என்றால் பிராட்வே நாடகங்களின் இணையத் தரவுத்தளத்தில் மேடையின் பாடல் வரிசையை எடுத்து, உங்கள் அட்டவணையோடு ஒப்பிடுங்கள். எந்தப் பாடல் விடுபட்டது, எது இடம் மாறியது, எது படத்துக்காகப் புதிதாக எழுதப்பட்டது என்ற மூன்று கேள்விகளே ஒரு கட்டுரைக்குப் போதும்.

படி 10: எழுதும்போதும் பகிரும்போதும்

திறனாய்வுக்காகவும் ஆராய்ச்சிக்காகவும் ஒரு படைப்பின் சிறு பகுதியை எடுத்தாள்வதைப் பல நாட்டுச் சட்டங்கள் அனுமதிக்கின்றன. வரம்பு மட்டும் நாட்டுக்கு நாடு மாறும். ஒரு திரைப்பிடிப்புக்கு மூன்று பத்தி ஆய்வு எழுதுங்கள். மூன்று வரி ஆய்வுக்கு முழுப் பாடலை ஏற்றாதீர்கள். பாடல் வரிகளில் கூடுதல் கவனம் தேவை. பாடலே சிறியது என்பதால் நான்கு வரி எடுத்தாலும் அதில் பெரும்பங்கு ஆகிவிடும். பொருளை உங்கள் சொல்லில் சொல்லி, தேவையான ஓரிரு சொற்களை மட்டும் மேற்கோளிடுங்கள். காணொளிக் கட்டுரை செய்கிறவர்கள், படம் பொதுவுடைமையாக இருந்தாலும் பாடலுக்காகத் தானியங்கி உரிமைக் கோரல் வரக்கூடும் என்பதை எதிர்பார்த்து, உரிமை நிலைக்கான சான்றுகளை முன்பே சேர்த்து வையுங்கள்.

கட்டுரையில் ஒரு காட்சியைச் சுட்டும்போது நேரத்தை மட்டும் எழுதாமல், எந்தப் பிரதியில் அந்த நேரம் என்பதையும் எழுதுங்கள்: எந்த வட்டு அல்லது எந்தச் சேவை, மொத்த நேரம் எவ்வளவு, பார்த்த நாள் எது. தொடக்கத்தில் வெளியீட்டாளரின் சின்னம் ஓடும் நேரம் பிரதிக்குப் பிரதி மாறும் என்பதால், நான் எம்ஜிஎம் சிங்கம் திரையில் தோன்றும் முதல் பிரேமைச் சுழியமாக வைத்து எண்ணுகிறேன். வேறு பிரதி வைத்திருக்கும் வாசகரும் அங்கிருந்து எண்ணி, நீங்கள் சொல்லும் அதே சுவர் மூலைக்கு வந்து சேரலாம்.